பில்லி ஹாலிடேயின் 'லேடி இன் சாட்டின்' ஆல்பத்தைக் கேட்பது எப்படி: முழுமையான வழிகாட்டி

ஜாஸ் பக்கம் புதிதாக வருகிறவர்களுக்கு யாராவது ஒருவர் அமெரிக்க ஜாஸ் பாடகி பில்லி ஹாலிடேயின் இந்த ஆல்பத்தைக் கட்டாயம் சிபாரிசு செய்துவிடுகிறார்கள். அவர்களும் ஆவலோடு போட்டுக் கேட்கிறார்கள், மூன்றாவது பாட்டுக்குள் நிறுத்திவிடுகிறார்கள். "எல்லாப் பாட்டும் ஒரே மாதிரி மெதுவாகப் போகிறது", "குரல் கரகரவென்று இருக்கிறது", "வயலின் அதிகம்" என்று மூன்று புகார்கள் வரும். மூன்றும் சரியான கவனிப்புகள்தான். ஆனால் கேட்ட வரிசை தவறு.

இதில் இருக்கும் பாடல்கள் பில்லிக்காக எழுதப்பட்டவை அல்ல. 1930களிலிருந்து 1950களின் தொடக்கம் வரை நாடகத்துக்கும் சினிமாவுக்கும் ரேடியோவுக்கும் எழுதப்பட்டு, பலர் பாடிப் பழகிய 'ஸ்டாண்டர்ட்' பாடல்கள். மூல மெட்டு உங்கள் காதில் இல்லாவிட்டால் அவர் அதை எங்கே மாற்றினார் என்று தெரியாது. அது தெரியாவிட்டால் மிஞ்சுவது தளர்ந்த குரலும் வயலின்களும்தான். அதனால் முதலில் பாடல், அப்புறம் இசைக்குழு, அதற்கும் அப்புறம்தான் பாடகி. கீழே உள்ள படிகள் இந்த வரிசையில்தான் போகின்றன. மாற்றிச் செய்தால் பலன் குறையும்.

1. தொடங்கும் முன் தேவையானவை

ஒரு நல்ல ஹெட்ஃபோன், அல்லது அடிஸ்தாயி ஒலி தெளிவாகக் கேட்கும் ஸ்பீக்கர் வேண்டும். போனின் ஸ்பீக்கரில் கேட்காதீர்கள். அதில் மில்ட் ஹின்டன் வாசிக்கும் பாஸ் (குழுவின் அடிஸ்தாயித் தந்தி வாத்தியம்) காணாமல் போய்விடும், பாஸ் இல்லாமல் தாளத்தைப் பிடிக்க முடியாது. இந்த ஆல்பத்தில் பாதி விஷயம் தாளத்துக்கும் குரலுக்கும் நடுவே உள்ள இடைவெளியில்தான் இருக்கிறது.

பாடல் வரிகளைத் தாளில் அச்செடுத்துக்கொள்ளுங்கள், வரிக்கு வரி நல்ல இடைவெளி விட்டு. ஒரு பென்சிலும் வேண்டும். திரையில் ஓடும் வரிகள் இதற்கு உதவாது, ஏனென்றால் அவற்றில் குறி போட முடியாது.

ஷஃபிளை நிறுத்துங்கள். அப்புறம் நீங்கள் வைத்திருக்கும் பதிப்பில் எத்தனை பாடல்கள் என்று எண்ணிப் பாருங்கள். மூல ஆல்பத்தில் 12 பாடல்கள். 'ஐம் எ ஃபூல் டு வான்ட் யூ' முதலாவது, 'தி எண்ட் ஆஃப் எ லவ் அஃபேர்' கடைசி. 1997இல் வந்த மறுபதிப்பில் இவற்றுக்குப் பின்னால் மாற்றுப் பதிவுகளும் சேர்க்கப்பட்டிருக்கின்றன. அதைப் பார்க்காமல் கேட்டவர்கள், முதல் பாட்டே மறுபடி மறுபடி வருகிறது, ஏதோ கோளாறு என்று நினைத்திருக்கிறார்கள். மாற்றுப் பதிவுகள் 8ஆவது படியில் தேவைப்படும், இப்போதைக்குத் தள்ளி வையுங்கள்.

பழைய ஸ்டீரியோ எல்பியில் கடைசிப் பாடல் இல்லாவிட்டால் பயப்பட வேண்டாம். அந்தப் பாட்டுக்கு இசைக்குழுவை முதலில் பதிவு செய்துவிட்டு, பில்லி தன் குரலைப் பின்னால் சேர்த்தார். குரலோடு சேர்ந்த பதிவு மோனோவில்தான் இருந்தது. அதனால் அன்றைய ஸ்டீரியோ எல்பி 11 பாடல்களோடு வெளியானது.

2. வாழ்க்கைக் கதையை ஒத்திவையுங்கள்

இந்தப் படியைத்தான் எல்லோரும் மீறுகிறார்கள். பில்லியைப் பற்றிப் படிக்க ஆரம்பித்தால் சிறை, போதைப்பொருள், 44 வயதில் மரணம் எல்லாம் வந்துவிடும். அதைப் படித்துவிட்டு வந்து உட்கார்ந்தால் ஒவ்வொரு வரியும் ஒப்பாரியாகத்தான் கேட்கும். அவர் தெரிந்தே செய்யும் காரியங்கள்கூட உடல் தளர்ச்சியாகத் தெரியும். குரல் தளர்ந்திருந்தது உண்மை. அந்தத் தளர்ந்த குரலை வைத்துக்கொண்டு அவர் என்ன முடிவுகள் எடுத்தார் என்பதுதான் இந்த ஆல்பம்.

இப்போதைக்கு இவ்வளவு தெரிந்தால் போதும்: 1958 பிப்ரவரியில், நியூயார்க்கில் கொலம்பியா இசைத்தட்டு நிறுவனத்தின் 30ஆம் தெரு ஸ்டுடியோவில் பதிவானது. ஆர்க்கெஸ்ட்ரா அமைப்பு ரே எல்லிஸ். பாடும்போது பில்லிக்கு வயது 42.

3. மூன்று பாடல்களை வேறொருவர் குரலில் கற்றுக்கொள்ளுங்கள்

12 பாடல்களையும் கற்க வேண்டியதில்லை, மூன்று போதும். வசதி என்னவென்றால், ஃபிராங்க் சினாட்ராவின் 1955ஆம் ஆண்டு ஆல்பமான 'இன் தி வீ ஸ்மால் அவர்ஸ்'இல் இங்கே உள்ள மூன்று பாடல்கள் ஒருசேரக் கிடைக்கின்றன: 'கிளாட் டு பி அன்ஹாப்பி', 'ஐ கெட் அலாங் விதவுட் யூ வெரி வெல்', 'ஐல் பி அரவுண்ட்'. மூன்றையும் வாய்க்குள் முணுமுணுக்க வரும்வரை கேளுங்கள். கேட்டால் மட்டும் போதாது, நீங்களே பாட வேண்டும். தப்பாகப் பாடினாலும் பரவாயில்லை. மெட்டு எங்கே ஏறுகிறது, எங்கே இறங்குகிறது என்பது தொண்டைக்குத் தெரிந்தால்தான் பில்லி ஏறாமல் விடும்போது உங்களுக்குச் சட்டென்று உறைக்கும்.

ஏன் சினாட்ரா? அவர் மெட்டை அதிகம் கலைக்காமல், சொற்களைத் தெளிவாக உச்சரித்துப் பாடுகிறவர். இந்தப் பாடல்களை வேறு யாரும் பாடவில்லை என்பதல்ல காரணம். எளிதாகக் கிடைப்பதும், மூன்றும் ஒரே இடத்தில் இருப்பதும்தான்.

அமைப்பையும் கவனியுங்கள். இந்தக் காலத்துப் பாடல்களில் பல, எட்டு எட்டு அளவுகளாக (ஓர் அளவு என்பது நான்கு அடி கொண்ட ஒரு தாளச் சுற்று) நான்கு பகுதிகள் கொண்டவை. முதல் இரண்டும் கடைசியும் ஒரே மெட்டு, மூன்றாவது மட்டும் வேறு. 'ஐல் பி அரவுண்ட்' அப்படித்தான். ஒரே மெட்டு மூன்று முறை வருகிறது என்றால், பாடகி அதை மூன்று முறையும் ஒரே மாதிரி பாடுகிறாரா என்று கேட்க உங்களுக்கு ஒரு கைப்பிடி கிடைக்கிறது.

4. ஒருமுறை இசைக்குழுவை மட்டும் கேளுங்கள்

இப்போது 'லேடி இன் சாட்டின்'க்கு வரலாம். முதல் முறை குரலைக் கவனிக்காதீர்கள். வயலின்கள், ஹார்ப், பின்னால் சொல்லில்லாமல் 'ஊ' என்று இழுக்கும் பெண்குரல்கள், நடுவில் வரும் டிராம்போனும் டிரம்பெட்டும், இவற்றுக்கு அடியில் மால் வால்ட்ரனின் பியானோ, பாஸ், டிரம்ஸ். இவ்வளவும் மெத்தென்று, சீராக, பிசிறே இல்லாமல் இருக்கும்.

இந்தச் சீர்தான் முக்கியம். மேலே வரப்போகும் குரலில் பிசிறு உண்டு, விரிசல் உண்டு. சின்னக் குழுவோடு பாடியிருந்தால் அந்தக் கரகரப்பு குழுவின் சத்தத்தோடு கலந்து போயிருக்கும். இங்கே மறைய இடமில்லை. வயலின்களைக் குறை சொல்கிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: அவற்றை மனதுக்குள் நீக்கிப் பார்த்தால் குரலின் ஒவ்வொரு கீறலும் இவ்வளவு அருகில் கேட்காது.

ஒலியளவை இந்தக் கட்டத்திலேயே சரிசெய்துகொள்ளுங்கள். ஆல்பம் ஆர்க்கெஸ்ட்ராவோடு ஆரம்பிப்பதால் பலர் அந்தச் சத்தத்துக்கு ஏற்ப ஒலியைக் குறைக்கிறார்கள், பிறகு குரல் வரும்போது சொல் காதில் விழுவதில்லை. குரலுக்கு ஏற்ப வையுங்கள், வயலின் கொஞ்சம் அதிகமாக இருந்தால் இருக்கட்டும்.

5. தாளம் போட்டுக் குரலின் இடத்தைப் பிடியுங்கள்

இதற்குத்தான் அதிக நேரம் ஒதுக்க வேண்டும். அவசரப்படாதீர்கள்.

'ஐல் பி அரவுண்ட்' பாடலைப் போட்டு, பாஸைக் கேட்டு, தொடையில் நாலு நாலாகத் தட்டுங்கள். குரல் வந்ததும் கை தடுமாறும், தடுமாற விடாதீர்கள். கையைக் குரலோடு போக விடுவதுதான் புதியவர்கள் எல்லோரும் செய்கிற பிழை. குரல் பின்தங்கும்போது நம் கையும் தானாகப் பின்தங்குகிறது, பாட்டு முழுவதும் தள்ளாடுவதாகத் தோன்றுகிறது. கை பாஸோடுதான் இருக்க வேண்டும்.

கை நிலைபெற்றதும் ஒரு விஷயம் தெரியும். வரி தொடங்க வேண்டிய இடத்தில் பில்லி தொடங்குவதில்லை. அடி விழுந்து போன பிறகு வருகிறார். வந்த பிறகு சொற்களைக் கொஞ்சம் நெருக்கி, வரி முடிவதற்குள் ஈடுகட்டிவிடுகிறார், சில சமயம் ஈடுகட்டாமல் அப்படியே அடுத்த வரிக்குள் வழிய விடுகிறார். கர்நாடக சங்கீதம் கேட்கிறவர்களுக்கு எடுப்பு தள்ளி வருவது பழக்கமான விஷயம். ஆனால் ஒரு கீர்த்தனையில் அந்தத் தள்ளல் பெரும்பாலும் நிலையானது, அரை இடம் என்றால் அரை இடம். இங்கே ஒவ்வொரு வரிக்கும் வேறு. அந்த வரி என்ன சொல்கிறது என்பதைப் பொறுத்து எவ்வளவு தாமதிப்பது என்று அவர் முடிவு செய்கிறார்.

அச்செடுத்த தாளில், அடிக்குப் பின்னால் வரும் சொற்களுக்கு முன் ஒரு சின்னக் கோடு போடுங்கள். முதல் முறை எல்லாம் பிடிபடாது. ஒரே பாட்டை விடாமல் திரும்பத் திரும்பப் போட்டு, ஒவ்வொரு முறையும் இரண்டு மூன்று வரிகளை மட்டும் குறியுங்கள். பாட்டு முடிந்து பார்த்தால் கோடுகள் சீராகப் பரவியிருக்காது. எங்கே அதிகம் கூடியிருக்கின்றன என்று பாருங்கள். மெட்டின் தேவைக்காக இல்லாமல் சொல்லின் கனத்துக்காகத் தாமதிப்பது உங்கள் தாளிலேயே தெரியும்.

6. மூச்சு எங்கே என்று குறியுங்கள்

அதே தாளில் வேறொரு குறி, ஒரு டிக் போதும். பில்லி மூச்சு எடுக்கும் இடமெல்லாம் டிக். இன்னொரு தாளில் சினாட்ராவின் மூச்சு. சினாட்ரா நீண்ட மூச்சுக்குப் பேர்போனவர், இரண்டு வரிகளை ஒன்றாக இணைத்துக்கொண்டு போகிறவர். பில்லியின் வரிகள் துண்டு துண்டாக இருக்கும்.

இதை மூச்சுப் பற்றாக்குறை என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். பற்றாக்குறை இருந்தது, சரி. ஆனால் வரியை எங்கே உடைக்கிறார் என்று கேளுங்கள். பேசும்போது நாம் தயங்கும் இடங்களுக்குப் பக்கத்தில் அவை இருப்பதைக் காண்பீர்கள். 'ஐ கெட் அலாங் விதவுட் யூ வெரி வெல்' இதற்கு மிகச் சரியான பாட்டு. நீ இல்லாமலும் நன்றாகத்தான் இருக்கிறேன் என்று ஒருத்தி சொல்கிறாள், உடனே ஒரு விதிவிலக்கு, அப்புறம் இன்னொன்று, மழை பெய்தால் மட்டும், யாராவது உன் பெயரைச் சொன்னால் மட்டும் என்று நீண்டுகொண்டே போகிறது. ஒரே மூச்சில் பாடினால் அது திடமான ஒரு கூற்று. துண்டு துண்டாகப் பாடும்போது, ஒவ்வொரு விதிவிலக்கும் அந்த நொடியில் அவளுக்கு நினைவு வந்து சேர்த்துக்கொள்வதுபோல் ஆகிவிடுகிறது. இந்த ஒரு பாட்டுக்காகவே இந்த ஆல்பத்தை நான் எல்லோரிடமும் தூக்கிக்கொண்டு போகிறேன்.

7. திரும்ப வரும் வரி, மாறிய சொல்

இப்போது முதல் பாட்டுக்குப் போங்கள். 'ஐம் எ ஃபூல் டு வான்ட் யூ' பாடலில் தலைப்பு வரி ஆரம்பத்திலேயே அடுத்தடுத்து இரண்டு முறை வருகிறது. சொல் ஒன்றுதான். இரண்டையும் மட்டும் பல தடவை கேளுங்கள். எந்தச் சொல்லில் அழுத்தம், வரியின் கடைசிச் சொல்லில் குரல் நிற்கிறதா சரிகிறதா, இறுதியில் அந்தச் சின்ன நடுக்கம் வருகிறதா. பில்லி பொதுவாக நடுக்கத்தைச் சொல்லின் வால்பகுதிக்கு ஒதுக்கிவைப்பவர், நேராகப் பிடித்து வந்து கடைசியில்தான் விடுவார். சினாட்ராவின் 1951ஆம் ஆண்டுப் பதிவில் (பாட்டை எழுதியவர்களில் அவரும் ஒருவர்) இதே இரண்டு வரிகளையும் அடுத்து வைத்துக் கேளுங்கள்.

அப்படியே 'வயலட்ஸ் ஃபார் யுவர் ஃபர்ஸ்'க்கும் போகலாம். சினாட்ரா 1954இல் 'சாங்ஸ் ஃபார் யங் லவர்ஸ்' ஆல்பத்தில் இதைப் பாடியபோது அவர் பூ வாங்கித் தந்தவர். பில்லி 'நீ', 'நான்' சொற்களை மாற்றிப் போட்டு, பூவைப் பெற்றுக்கொண்டவளாகப் பாடுகிறார். அன்று ஆணும் பெண்ணும் ஒருவர் பாட்டை ஒருவர் பாடும்போது இப்படி மாற்றுவது வழக்கம்தான். ஆனாலும் கொடுத்தவன் சொல்லும் பழைய நினைவும், பெற்றவள் சொல்லும் பழைய நினைவும் ஒன்றில்லை.

மெட்டு விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. டியூனர் செயலியை வைத்துக்கொண்டு சுருதி சரியா என்று பார்க்காதீர்கள். சில இடங்களில் சேராது. அந்தப் பதிவின்போது ரே எல்லிஸுக்கே திருப்தியில்லை. பின்னால் பதிவுகளைத் திரும்பக் கேட்டபோதுதான், தான் சுரங்களை மட்டுமே கேட்டுக்கொண்டிருந்ததும் பில்லி பாடியதில் இருந்த உணர்ச்சியைத் தவறவிட்டதும் புரிந்தது என்று அவரே சொல்லியிருக்கிறார். மெட்டின் உச்சிக்கு ஏறாமல் பில்லி கீழேயே நின்றுவிடும் இடங்களை மட்டும் குறியுங்கள். 3ஆவது படியில் நீங்களே பாடிப் பழகியிருந்தால் இவை தானாகத் தட்டுப்படும்.

8. மாற்றுப் பதிவுகளோடு ஒப்பிடுங்கள்

தள்ளி வைத்த மாற்றுப் பதிவுகளை இப்போது எடுங்கள். 'ஐம் எ ஃபூல் டு வான்ட் யூ'வின் வேறு டேக்குகள் அவற்றில் இருக்கின்றன. ஒரே பாட்டு, ஒரே ஆர்க்கெஸ்ட்ரா, எழுதிவைத்த அதே பின்னணி. மாறக்கூடியது குரல் மட்டும்தான். உங்கள் தாளில் போட்ட கோடுகளும் டிக்குகளும் இந்த டேக்குகளுக்குப் பொருந்துகின்றனவா என்று பாருங்கள். பொருந்தாத இடங்கள்தான் அவர் அந்த நேரத்தில் தேர்ந்தெடுத்தவை. எல்லா டேக்கிலும் ஒன்றாகவே இருப்பவை, அந்தப் பாட்டை இப்படித்தான் என்று அவர் ஏற்கெனவே தீர்மானித்து வந்தவை.

9. இளம் பில்லியைக் கடைசியில் கேளுங்கள்

பலர் இதை முதலில் செய்துவிடுகிறார்கள். 1937இல் லெஸ்டர் யங்கின் சாக்ஸஃபோனோடு பாடிய 'திஸ் இயர்ஸ் கிஸஸ்' போன்ற பதிவுகளைக் கேட்டுவிட்டு நேராக 1958க்கு வந்தால் இழப்பு மட்டும்தான் காதில் விழும். மேலே உள்ள படிகளை முடித்துவிட்டுப் போனால், அந்தத் தாமதம், வரியின் முடிவில் விடும் நடுக்கம், மெட்டைச் சுருக்குவது எல்லாம் அன்றே இருந்தது என்று தெரியும்.

இந்த ஆல்பத்தின் பாடல்களை அவர் அதற்கு முன் ஸ்டுடியோவில் பதிவு செய்திருக்கவில்லை, எனவே ஒப்பிட வேறு பாட்டு வேண்டும். 'பாடி அண்ட் சோல்' எடுங்கள். 1940இல் ஒருமுறை, 1957இல் ஒருமுறை பதிவு செய்திருக்கிறார்.

ஜாஸுக்கு வேராக இருந்த ப்ளூஸ் பாட்டு வகை எங்கே என்று கேட்பவர்களுக்கு: பில்லி பெஸ்ஸி ஸ்மித்தையும் லூயி ஆம்ஸ்ட்ராங்கையும் கேட்டு வளர்ந்தவர், ஆனால் 12 அளவு ப்ளூஸ் வடிவத்தில் அவர் பாடியவை குறைவு. 'ஃபைன் அண்ட் மெல்லோ' அவற்றில் ஒன்று. 1957 டிசம்பரில் சிபிஎஸ் தொலைக்காட்சியின் 'தி சவுண்ட் ஆஃப் ஜாஸ்' நிகழ்ச்சியில் அதைப் பாடும் காட்சி இருக்கிறது. 'லேடி இன் சாட்டின்' பதிவுக்குச் சில வாரங்கள் முன்பு எடுத்தது, காணொளியாகவே பாருங்கள். மற்றவர்கள் வாசிக்கும்போது அவர் தலையசைத்துக் கேட்கும் விதம், எங்கே அடி விழுகிறது என்று அவருக்கு எவ்வளவு துல்லியமாகத் தெரியும் என்பதைக் காட்டிவிடும். பாடும்போது அதற்குப் பின்னால் வருவது தெரிந்தே செய்ததுதான்.

வாழ்க்கை வரலாற்றை இதற்குப் பிறகு படிக்கலாம்.

10. இதே முறையை அடுத்த ஆல்பத்தில் செய்துபாருங்கள்

எட்டா ஜேம்ஸ் 1994இல் 'மிஸ்டரி லேடி' என்ற ஆல்பத்தில் பில்லியோடு சேர்த்து நினைக்கப்படும் பாடல்களைப் பாடினார். கசான்ட்ரா வில்சன் பில்லியின் நூற்றாண்டான 2015இல் 'கமிங் ஃபோர்த் பை டே' வெளியிட்டார். இவற்றில் மூல மெட்டாகக் கற்க வேண்டியது பில்லியின் பதிவுகளையே. வரிசை அதேதான்: முதலில் பாடல், அப்புறம் இசைக்குழு, கடைசியில் குரல்.

எந்தப் பாட்டில் ஆரம்பிப்பது என்றால், 'தீஸ் ஃபூலிஷ் திங்ஸ்'. பில்லி அதை 1936இலும் 1952இலும் பாடியிருக்கிறார், கசான்ட்ரா வில்சனின் ஆல்பத்திலும் இருக்கிறது. அதே வரிகளை மூன்று தாள்களில் அச்செடுத்து, ஒவ்வொன்றிலும் தாமதத்துக்குக் கோடு, மூச்சுக்கு டிக் போட்டு, மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.